தங்கப்பழம் சாரின் கப்பு

கண்ணுல மருந்து ஊத்திட்டாங்களா அண்ணாச்சி? அப்ப கண்ணை மூடிக்கிடுங்க. இன்னும் முக்கா மணி நேரத்துக்குப் பேப்பர் படிக்க முடியாது, போனைப் பாக்க முடியாது. காது சும்மாதானே இருக்கு. நான் பேசுதேன், கேட்டுக்கிட்டு இருங்க.

எம் பேரு தங்கப்பழம். சாலைக்குளம் பள்ளிக்கூடத்துல பி.டி. வாத்தியாரா இருந்து ரிட்டயர் ஆனவன். ஆனா தங்கப்பழம் வாத்தியார்னு கேட்டா பாதிப் பேருக்குத் தெரியாது. கபடி நடுவர் தங்கப்பழம்னு கேளுங்க, திருச்செந்தூர்ல இருந்து வள்ளியூர் வரைக்கும் சொல்லுவாங்க. முப்பத்தோரு வருஷம் விசில் ஊதியிருக்கேன். என் கண்ணுக்குத் தப்பி ஒரு பய கோட்டை மிதிச்சதில்ல.

இங்க எதுக்கு வந்தேன்னு கேக்கீங்களா? அதுல ஒரு அநியாயம் இருக்கு. மொதல்ல இருந்து சொன்னாத்தான் விளங்கும்.

எனக்கு ஒரே மக, செல்வசுந்தரி. அவளைப் புளியடிவிளையில கட்டிக் கொடுத்திருக்கு. சம்பந்தக்காரர் லிங்கதுரை, வாழைக்காய் மண்டி வச்சிருக்காரு. நல்ல மனுசன்தான். ஆனா இந்த வருஷம் பங்குனியில பேரனுக்குக் காதுகுத்து வச்சாரு பாருங்க, மண்டப வாசல்ல ஒரு பிளெக்ஸ் போர்டு அடிச்சாரு. ஆளுயரத்துக்கு அவர் படம். அவர் தம்பிமார் அஞ்சு பேர் படம். நான் தாய்மாமன் இல்லாத வீட்டுல பேரனை மடியில வச்சு உக்காரப்போற தாத்தா. என் படம் எங்க இருக்கு? அடியில, இடது ஓரத்துல, ஸ்டாம்பு அளவுக்கு. அதுக்குப் பக்கத்துல பந்தல் போட்டவன் போன் நம்பர். அது என் படத்தை விடப் பெருசு.

அதையும் மொதல்ல நான் பாக்கல. என் பேரு எங்க, படம் எங்கன்னு போர்டு முன்னாடி நின்னு தேடுதேன். முத்துக்கனி, என் சம்சாரம், "கீழ பாருங்க, கீழ பாருங்க"ன்னு கையைப் பிடிச்சு இழுத்துக் காமிச்சா. நாப்பது நாள் அதைச் சொல்லிக்கிட்டே திரிஞ்சேன். டீக்கடையில சொன்னேன், நடுவர் சங்கத்துல சொன்னேன், பேங்க்ல பக்கத்துல நின்ன ஆளுகிட்டயும் சொன்னேன். சொன்னது தப்புன்னு இப்பத் தோணுது. ஏன்னா அடுத்து நடந்ததுக்கு அதுதான் சாட்சியாப் போச்சு.

சித்திரையில கோயில் கொடைத் திருவிழாவுக்கு எங்க பக்கம் ஒரு டோர்னமெண்ட் நடக்கும். அரையிறுதி, புளியடிவிளைக்கும் மேலக்காட்டுக்கும். சாயங்காலம் அஞ்சு மணி, நல்ல வெளிச்சம். நான் நடுக்கோட்டுப் பக்கம் நிக்கேன். மேலக்காடு இருபத்தேழு, புளியடிவிளை இருபத்தாறு. கடைசி ரைடு. பாடிப் போறவன் யாருங்கீங்க? லிங்கதுரையோட இளைய மகன் சுயம்பு. என் மகளுக்குக் கொழுந்தன்.

போனான், தொட்டான், திரும்புறதுக்குள்ள மூணு பேரு மேல விழுந்து அமுக்கிட்டானுவ. நான் உத்துப் பாக்கேன். இடுப்பைச் சுத்தி ஒருத்தன் கை, தொடையில ஒருத்தன், முதுகுல ஒருத்தன். எல்லாம் எனக்குத் துல்லியமாத் தெரியுது. பையன் அசையல. பாடுற மூச்சை விட்டுட்டான். ஊதினேன். அவுட்.

அவ்வளவுதான். ஊரே எந்திரிச்சு உள்ள வந்துட்டு. "கோட்டைத் தொட்டான், கோட்டைத் தொட்டான்"ங்கானுவ. சுயம்பு எந்திரிச்சு அஞ்சு விரலையும் எம் மூஞ்சிக்கு நேரே விரிச்சுக் காட்டுதான். விரல் பூரா சுண்ணாம்பு. "இது முன்னாடியே பட்ட சுண்ணாம்பு"ன்னேன். நடுவர் ஒரு தீர்ப்பு சொன்னா சொன்னதுதான். மாத்தினா அவன் நடுவர் இல்ல.

மறுநாள் போன்ல ஒரு வீடியோ வருது. நானும் பார்த்தேன். சுயம்பு ஊர்ந்து ஊர்ந்து கையை நீட்டுதான். நடுக்கோட்டைத் தொடுதான். தொட்டது மட்டுமில்ல அண்ணாச்சி, கை என் ஷூ மேலேயே வந்து விழுது. நான் என்ன செய்யுதேன்? காலை உதறுதேன்.

சத்தியமாச் சொல்லுதேன், கட்டெறும்புன்னு நினைச்சேன். அந்தக் கிரவுண்டுல கட்டெறும்பு அதிகம்.

ஆனா பாக்குறவன் என்ன சொல்லுவான்? தொட்ட கையை வாத்தியார் காலால தட்டிவிட்டுட்டு அவுட் கொடுத்தாருன்னு சொல்லுவான். எதுக்குத் தட்டிவிட்டாரு? பிளெக்ஸ் போர்டுக்காக. நாப்பது நாள் நானே ஊர் ஊராச் சொல்லி வச்சிருக்கேனே.

லிங்கதுரை வீட்டுக்கே வந்துட்டாரு. நாற்காலியைப் போட்டேன், உக்காரல. "மச்சான், என் போட்டோக்காரன் செஞ்ச தப்புக்கு எம் மவன் கையை மிதிக்கலாமா?"ன்னாரு. "மிதிக்கல மச்சான், உதறினேன்"னேன். அது சரியான பதில் இல்லைன்னு அவரு போனப்புறம்தான் தோணிச்சு.

அதுக்கப்புறம் செல்வசுந்தரி போன். அழுதா. "மாமா எங்கூடப் பேச மாட்டேங்காங்க. அத்தை சோத்தை வச்சுட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கிடுதாங்க. சுயம்பு சாப்பிடவே வர மாட்டேங்கான். நீங்க ஏம்ப்பா இப்படிச் செஞ்சீங்க?" பெத்த மகளே கேக்கா. நடுவர் சங்கத்துல இருந்து ஒரு கடுதாசி, ஞாயித்துக்கிழமை விசாரணைன்னு. முப்பத்தோரு வருஷத்துல எனக்கு ஒரு விசாரணை.

அந்தச் சமயத்துலதான் முத்துக்கனி ஒரு நாள் சொன்னா, "எனக்கு ரெண்டு நாளா கண்ணு மங்குதுங்க. ஆஸ்பத்திரிக்குத் துணைக்கு வாங்க."

நான் வந்தேன். இதே ஆஸ்பத்திரிதான். இதே பெஞ்சுதான்னு நினைக்கேன். வந்தா ரெண்டு சீட்டு வாங்கிட்டு வாரா. ஒண்ணு அவ பேர்ல, ஒண்ணு எம் பேர்ல. "வந்தது வந்தாச்சு, நீங்களும் பாத்துக்கிடுங்க"ங்கா. அவளுக்குக் கண்ணு மங்கவே இல்ல அண்ணாச்சி, எல்லாம் நடிப்பு. ரெண்டு வருஷமா என்னைக் கவனிச்சுக்கிட்டு இருந்திருக்கா. நான் என்னடான்னா அவ மேல குத்தம் சொல்லிக்கிட்டு இருந்திருக்கேன். நடக்குற வழியில வாளியை வைக்கான்னு சண்டை. இலையில எனக்கு மட்டும் அப்பளம் வைக்கிறதில்லைன்னு சண்டை. வச்சுக்கிட்டுத்தான் இருந்திருக்கா. அப்பளம் என் மடியோரம் இருந்திருக்கு.

சரி, மொதல்ல எழுத்துப் படிக்கச் சொன்னாங்க. மேல இருந்து கீழ வரைக்கும் ஒரு எழுத்து விடாமப் படிச்சேன். படிச்சு முடிச்சு, அதுக்குக் கீழ பொடி எழுத்துல அச்சடிச்ச கம்பெனி பேரு இருந்தது, அதையும் படிச்சேன். அந்த நர்சுப் பிள்ளை, "போதும் ஐயா"ன்னா. முத்துக்கனிக்குக் கடைசி ரெண்டு வரி ஓடல. நான் அவளை ஒரு பார்வை பார்த்தேன்.

அப்புறம் கண்ணுல அழுத்தம் பாத்தாங்க. அவளுக்குப் பதினஞ்சு. எனக்கு முப்பத்திநாலு. எனக்குத்தான் கூட. அதுக்கப்புறம் மருந்து ஊத்தி, டாக்டரம்மாகிட்ட அனுப்பினாங்க. சின்னப் பிள்ளை. எங்க பள்ளிக்கூடத்துல படிச்சிருந்தா என்கிட்ட ஓட்டப்பந்தயத்துக்கு வந்திருக்கும், அந்த வயசு. லைட்டை அடிச்சு அடிச்சு உள்ள பாக்கு. ரொம்ப நேரம் பாத்துட்டு, "ஐயா, உங்களுக்கு கப் ரொம்பப் பெருசா இருக்கு"ன்னுச்சு.

நான், "மாவட்ட அளவுல வாங்கினதும்மா. வீட்டு அலமாரியில பதினோரு கப் இருக்கு"ன்னேன்.

"அது இல்ல ஐயா. கண்ணுக்குள்ள இருக்க கப். வலது கண்ணுல பாயிண்ட் எட்டு, இடது கண்ணுல பாயிண்ட் ஒன்பது."

எனக்கு ஒரு நிம்மதி. இந்த வயசுல பத்துக்கு எட்டு, பத்துக்கு ஒன்பதுன்னா சாமானியமா? முத்துக்கனிக்கு எவ்வளவுன்னு கேட்டேன். பாயிண்ட் மூணாம். பாவம், அவளுக்கு மனசு கஷ்டப்படக்கூடாதேன்னு, "வயசாயிட்டுல்லம்மா, பாத்துச் செய்யுங்க"ன்னு சொன்னேன்.

டாக்டரம்மா சிரிக்கல. பொறுமையாத்தான் சொல்லிச்சு. கண்ணுக்குப் பின்னாடி நரம்பு மூளைக்குக் கிளம்புற இடத்துல ஒரு சின்னக் குழி உண்டாம். எல்லாருக்கும் உண்டாம். அதைத்தான் கப்புங்காங்க. நரம்புங்கிறது ஒண்ணு இல்ல, லட்சக்கணக்கான நார் சேர்ந்த கத்தையாம். கண்ணுல அழுத்தம் கூடினா அந்த நாரு ஒண்ணொண்ணாச் செத்துப்போகும். சாகச் சாகக் குழி அகலமாகுமாம். "அப்ப பெரிய கப்பு நல்லதில்லையாம்மா?"ன்னு கேட்டேன். "நல்லதில்ல ஐயா. கிளாக்கோமா. வலிக்காது, சிவக்காது. நேரே பாக்குற பார்வை கடைசி வரைக்கும் நல்லாவே இருக்கும். ஓரத்துல இருந்துதான் போகும். அதனால யாருக்கும் தெரியறதில்ல"ன்னுச்சு.

எனக்குத் தெரியாம எனக்குக் கண்ணு போகுமாம். நம்புற மாதிரியா இருக்கு?

ஒரு டெஸ்ட்டுக்கு அனுப்பினாங்க. உங்களுக்கும் எடுப்பாங்க. இருட்டு ரூம். ஒரு பெரிய வெள்ளைக் கிண்ணத்துக்குள்ள மூஞ்சியை வச்சு, ஒரு கண்ணைக் கட்டிட்டு, நடுவுல இருக்க மஞ்சள் வெளிச்சத்தை மட்டும் பாக்கணும். அங்கங்க பொட்டுப் பொட்டா வெளிச்சம் வரும். வந்தா கையில இருக்க பட்டனை அமுக்கணும். எனக்கு ரெண்டு நிமிஷத்துல மிஷினோட தாளம் பிடிபட்டுப் போச்சு. டிக், டிக்னு சரியா இடைவெளி விட்டு வருது. நானும் தாளம் தப்பாம அமுக்கினேன். முடிஞ்சதும் அந்தப் பிள்ளை காகிதத்தைப் பாத்துட்டு, "ஐயா, வெளிச்சம் இல்லாதப்பயும் அமுக்கியிருக்கீங்க"ங்கு.

"வரப்போகுதுன்னு தெரியும்மா. முன்கூட்டியே அமுக்கிட்டேன்."

"தெரிஞ்சா மட்டும் அமுக்குங்க ஐயா. இது போட்டி இல்ல."

மறுபடி உக்காந்தேன். இந்தத் தடவை நேர்மையா. தெரிஞ்சா அமுக்குறது, இல்லைன்னா சும்மா இருக்கிறது. அண்ணாச்சி, என்ன சொல்ல. ரொம்ப நேரம் சும்மாவே இருந்தேன். மிஷின் நின்னுபோச்சோன்னு கேட்டேன். "ஓடிக்கிட்டுத்தான் இருக்கு ஐயா"ன்னா.

காகிதம் வந்தது. வட்டமா ஒரு படம். மேல்பாதி வெள்ளை. கீழ்ப்பாதி கரி பூசின மாதிரி கறுப்பு. ரெண்டு கண்ணுக்கும் அப்படித்தான். நான் இங்க் கொட்டியிருக்கும்னேன். டாக்டரம்மா எதிர்ல நாற்காலியைப் போட்டு உக்காந்து, "என் மூக்கை மட்டும் பாருங்க ஐயா. வேற எங்கயும் பாக்கக்கூடாது. நான் எத்தனை விரல் காட்டுறேன்?"ன்னு கேட்டுச்சு.

"விரலைக் காட்டினாத்தானேம்மா சொல்லமுடியும்?"

பக்கத்துல முத்துக்கனி மூக்கை உறிஞ்சுற சத்தம் கேட்டுச்சு. அப்பத்தான் கண்ணைத் தாழ்த்திப் பார்த்தேன். அந்தப் பிள்ளை ரெண்டு கையையும் என் நெஞ்சுக்கு நேரே நீட்டி, பத்து விரலையும் விரிச்சு வச்சிருக்கு.

போனது திரும்ப வராதாம். இருக்கிறதைக் காப்பாத்தலாமாம். தினமும் சொட்டு மருந்து விடணும், ஒரு நாள்கூடத் தவறக்கூடாது. இது எப்ப இருந்துன்னு கேட்டேன். "அஞ்சாறு வருஷமா மெல்ல மெல்ல வந்திருக்கும்"னுச்சு.

வெளிய வந்ததும் முத்துக்கனி முகத்துல ஒரு சந்தோஷம். அழுத கண்ணோட சிரிக்கா. "இந்தக் காகிதத்தைக் கொண்டுபோய் லிங்கதுரை அண்ணன்கிட்டக் காட்டினாப் போதும். நீங்க வேணும்னு செய்யலைன்னு தெரிஞ்சுரும். பிள்ளை நிம்மதியா இருப்பா."

"காட்டினே, நான் வீட்டுக்கே வரமாட்டேன்"னுட்டேன்.

நீங்களே சொல்லுங்க அண்ணாச்சி. ஓரவஞ்சனைக்காரன்னு சொன்னா அது ஒரு நாள் பேச்சு. கண்ணு தெரியாத நடுவர்னு சொன்னா? அஞ்சாறு வருஷம்னு அந்தம்மா சொல்லிட்டுல்ல? அஞ்சாறு வருஷத்துல நான் எத்தனை ஊர்ல, எத்தனை ஃபைனல்ல ஊதியிருக்கேன். தோத்தவன் எல்லாம் கிளம்பி வந்துருவானே. அதனால ஞாயித்துக்கிழமை விசாரணையில என்ன சொல்லணும்னு நான் முடிவு பண்ணிட்டேன். குத்தத்தை ஒத்துக்கிடுறதுன்னு. ஆமா, பிளெக்ஸுல படம் சின்னதாப் போட்டதுக்காகத்தான் வேணும்னே அவுட் கொடுத்தேன், மன்னிச்சுக்கிடுங்க. முடிஞ்சது. அப்படிச் சொன்னா மகளோட நிலைமை என்ன ஆகும்னு நான் யோசிக்கல. யோசிச்சேன். ஆனா என் கண்ணைத்தான் பெருசா யோசிச்சேன்.

சங்கத்துக் கட்டடம் நிறைய ஆளு. தலைவர், செயலாளர், லிங்கதுரை, அவர் தம்பிமார் அஞ்சு பேர், சுயம்பு. மத்த ஊர்க்காரங்களும் வேடிக்கை பாக்க வந்திருந்தாங்க. நான் எந்திரிச்சேன். தொண்டையைச் செருமினேன். "அது வந்து, அந்தப் பிளெக்ஸ் போர்டு விஷயமா"ன்னு ஆரம்பிச்சுட்டேன். லிங்கதுரை தலையைக் குனிஞ்சுக்கிட்டாரு. அவரும் நான் இல்லைன்னு சொல்லுவேன்னு ஒரு ஆசையோட வந்திருக்காரு, அது மூஞ்சியில தெரிஞ்சது. நேரே பாக்குறது எனக்கு நல்லாத் தெரியும்னேனே.

அப்பப் பின்னாடி இருந்து ஒரு குரல். "தலைவரே, நான் ஒண்ணு கேக்கலாமா?"

முத்துக்கனி. கல்யாணமாகி முப்பத்தாறு வருஷத்துல ஒரு மேட்ச் பாக்க வந்ததில்ல. அன்னைக்கு விசாரணைக்கு வந்திருக்கா. காகிதத்தை எடுத்து நீட்டினா. தலைவர் திருப்பித் திருப்பிப் பாத்துட்டு, "இது என்னம்மா, மேகப் படமா?"ங்காரு. ஒருத்தருக்கும் விளங்கல. நான் மனசுக்குள்ள தப்பிச்சேன்னு நினைக்கேன்.

அவ விடல. "ஏங்க, தலைவர் மூஞ்சியை மட்டும் பாருங்க. அசையாம நில்லுங்க"ன்னா.

பார்த்தேன். தலைவருக்கு இடது மீசை வலதை விடக் கொஞ்சம் நீளம். அவ்வளவு தெளிவாத் தெரியுது. யாரோ எந்திரிச்சு நடக்குற சத்தம் கேட்டுச்சு.

"இப்ப உங்க காலடியில என்ன இருக்கு?"

"என்ன இருக்கும்? தரை"ன்னேன்.

யாரோ ஒருத்தர் "அடப்பாவமே"ன்னு மெதுவாச் சொன்னது கேட்டுச்சு. நான் குனிஞ்சு பார்த்தேன். முத்துக்கனி கையைக் காட்டிக் கூப்பிட்டிருக்கா, சுயம்பு தரையில மண்டி போட்டு உக்காந்து, ரெண்டு கையையும் என் ஷூவை ஒட்டி விரிச்சு வச்சிருக்கான். என்னை அண்ணாந்து பாக்கான். கண்ணுல தண்ணி.

"மாமா, நீங்க வேணும்னு செய்யலையா?"ன்னு கேட்டான்.

"இல்லடா"ன்னேன். அவ்வளவுதான் வந்தது.

லிங்கதுரை எந்திரிச்சு வந்து கட்டிப் பிடிச்சுக்கிட்டாரு. "மச்சான், என்கிட்டயாவது சொல்லியிருக்கக்கூடாதா? நான் மருமவகூட இத்தனை நாளாப் பேசல மச்சான்"னு சின்னப் பிள்ளை மாதிரி அழுதாரு. அந்த இடத்துலயே போனைப் போட்டு, "எம்மா செல்வம், உங்கப்பா மேல தப்பு இல்ல. ராத்திரிக்கு மீன்குழம்பு வை, நான் சாப்பிடுதேன்"னாரு. மன்னிப்பு கேக்குற லட்சணத்தைப் பாத்தீங்களா.

நான் பயந்தது நடக்காமலும் போகல. பின் வரிசையில இருந்து ஒருத்தன் எந்திரிச்சு, "அப்ப போன வருஷம் எங்க ஃபைனல்?"ங்கான். இன்னொருத்தன், "அதுக்கு முந்தின வருஷம் எங்க ஊருக்கு?"ங்கான். எட்டு வருஷத்துக்கு முந்தித் தோத்தவன் ஒருத்தனும் கை தூக்குதான். முத்துக்கனி அவனைத் திரும்பிப் பார்த்து, "தம்பி, அப்ப இவருக்குக் கண்ணு நல்லாத் தெரியும். நீங்க தோத்தது தோத்ததுதான்"னா. கூடமே சிரிச்சுட்டு. தலைவர் மேசையைத் தட்டி, இந்த ஒரு மேட்ச் மட்டும் மறுபடி நடக்கும், பழசை யாரும் கிளறக்கூடாதுன்னு முடிச்சுட்டாரு. என் விசிலை மேசையில வச்சேன். தலைவர் எடுக்கவும் இல்ல, திருப்பித் தரவும் இல்ல. அது அங்கேயே இருந்தது, நான் வந்துட்டேன்.

மறு மேட்சுக்குப் போனேன். முதல் தடவையா வேடிக்கை பாக்குற ஆளா. பக்கத்துல லிங்கதுரை. "உங்களுக்குத் தெரியாததை எல்லாம் நான் சொல்லுதேன் மச்சான்"னு காதுக்குள்ள சொல்லிக்கிட்டே இருந்தாரு. சுயம்பு இடது பக்கம் காலை நீட்டுதான் மச்சான், தொட்டுட்டான் மச்சான்னு. அவர் சொன்னதை வச்சுப் பார்த்தா புளியடிவிளை நாப்பது பாயிண்ட் எடுத்திருக்கணும். போர்டுல பார்த்தா ஆறு பாயிண்ட்ல தோத்திருக்கு. எதிர்ப் பக்கம் எடுத்த பாயிண்ட் ஒண்ணுகூட அவர் வாயில வரல. எனக்குக் கீழ்ப்பாதிதான் தெரியாது. அந்த மனுசனுக்குப் பாதி கிரவுண்டே தெரியலை.

ஆறு மாசமா மருந்து விட்டுக்கிட்டு இருக்கேன். அழுத்தம் பதினாறுக்கு வந்துட்டு. இன்னைக்கு மறுபடி அந்தக் கிண்ணத்துக்குள்ள மூஞ்சியை வைக்கணும். பார்வை இன்னும் கொஞ்சம் போயிருக்கா இல்லையான்னு பாப்பாங்க. நான் நேத்தே வீட்டுல சொல்லிட்டேன், தெரிஞ்சாத்தான் அமுக்குவேன்னு. மகளையும் போன மாசம் கூட்டிட்டு வந்து காமிச்சோம். ரத்த சம்பந்தத்துக்கு வரும்ங்காங்கல்ல. அவளுக்கு ஒண்ணும் இல்ல. அதைக் கேட்ட அன்னைக்குத்தான் நான் நல்லாத் தூங்கினேன். உங்களுக்கு அப்பா, அண்ணன் தம்பி யாருக்காவது இருந்ததா? டாக்டரம்மா கேக்கும், யோசிச்சு வையுங்க.

இந்தா, தங்கப்பழம்னு கூப்பிடுதாங்க. நான்தான். முத்துக்கனி மருந்துக் கடையில நிக்கா, வரிசை நீளம்னு நினைக்கேன். அவ இல்லாமப் போயிரலாம். பக்கந்தானே.

அண்ணாச்சி, ஒண்ணு கேட்டாத் தப்பா நினைக்காதீங்க. நான் யார்கிட்டயும் இப்படிக் கேட்டதில்ல. இந்த ரூமுக்குப் போற வழியில படி ஏதும் இருக்கா, சமதரையா?

உங்களுக்கும் தெரியலையா? அட, உங்களுக்கும் மருந்து ஊத்தியிருக்குல்ல. மறந்துட்டேன்.

சரி, கையைக் கொடுங்க. ரெண்டு பேருமா காலால தடவிப் பாத்துக்கிட்டே போவோம்.